அடக்கும் சாமிக்கு மண்டோர்

என் மகள் விளையாடும் விளையாட்டு எனக்கு ரொம்ப நாளாகப் புரியவில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அவளுடைய கூட்டாளிகள் வீட்டுக்கு வருவார்கள். சாப்பாட்டு மேசையைச் சுற்றி உட்காருவார்கள். மகள் கதை சொல்வாள். மற்றவர்கள் கதைக்குள் இருக்கும் ஆட்களாகப் பேசுவார்கள். கதவை உடைக்கலாமா, ஓடிவிடலாமா, அவர்களே முடிவு செய்யவேண்டும். அது நடக்குமா நடக்காதா என்பதைப் பகடை சொல்லும். அந்தப் பகடைக்கு ஆறு முகம் இல்லை. நிறைய முகம்.

நான் அடுப்படியில் நின்று கேட்பேன். முதலில் சிரிப்பு வந்தது. அப்புறம் கதை எங்கே நிற்கிறது என்று வாரா வாரம் காது கொடுக்க ஆரம்பித்துவிட்டேன்.

வீட்டில் நானும் மகளும்தான். ஈப்போவில், புந்தோங் பக்கம் அடுக்குமாடி வீடு. அவள் பார்சல் அனுப்பும் கடையில் வேலை செய்கிறாள். நான் ரப்பர் கையுறைத் தொழிற்சாலையில், எங்கள் பேச்சில் கிலாங்கில், பேக்கிங் பக்கம் லைன் லீடர். ஆறாம் வகுப்போடு சரி. தோட்டத்தில் பிறந்து, கித்தா மரத்தில் ரப்பர் பால் வெட்டி, தோட்டத்தை விற்றபிறகு கிலாங்குக்கு வந்தவள். பாலாக இருந்தபோதும் தொட்டேன், கையுறையாக வந்தபிறகும் தொடுகிறேன்.

அன்றைக்கு ஆட்டத்துக்கு ஒரு ஆள் குறைந்தது. வழக்கமாக வரும் பையனுக்குத் தைப்பிங்கில் குழந்தை பிறந்திருந்தது. வேறொரு நாள் என்றால் தள்ளிப் போட்டிருப்பார்கள். அன்றைக்கு முடியாது. கூட்டத்தில் ஒரு பெண், பெரியாஸ்பத்திரியில் தாதி, அந்த வாரமே சிங்கப்பூருக்கு வேலைக்குப் போகிறாள். இரண்டு வருசமாக அவள் கதையில் வாள் வீராங்கனையாக இருந்தாள். போவதற்குள் கதையை முடித்துப் பார்க்கவேண்டும் என்பது அவள் ஆசை. சாயங்காலம் அவள் அப்பா காரில் வந்து கூட்டிப்போவார். அதற்குள் கதையின் கடைசி எதிரியான சாமியை ஜெயிக்கவேண்டும்.

"அம்மா, நீ உக்காரு," என்றாள் மகள். "சும்மா இருந்தாப் போதும்."

உட்கார்ந்தேன். எனக்குப் பூட்டுத் திறக்கும் ஆளின் வேசம். அது குழந்தை பிறந்த பையனுடைய வேசம்.

அந்தச் சாமியைப் பற்றி மகள் விளக்கிச் சொன்னாள். அது அசுரச் சாமி. மனிதனைக் கொல்லாது. அடக்கி வைத்துக்கொள்ளும். குனிந்த தலைகளைப் பார்த்தால்தான் அதற்குப் பசியாறும்.

"சுருட்டுக் குடிக்குமா?" என்று கேட்டேன்.

எல்லாரும் சிரித்தார்கள்.

"எங்க தோட்டத்து முனியாண்டிக்குச் சுருட்டு வைப்போம். அதான் கேட்டேன்."

"அது காவல் சாமிம்மா. இது வேற."

மந்திரவாதி வேசம் போடும் பையன் கையைத் தூக்கினான். அவன் அப்பா பெரிய ரோட்டில் முஸ்லிம் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறார். "சாமி சாமின்னு சத்தமாச் சொல்லாதீங்கலா. எங்கத்தா காதுல விழுந்தா என்னை ரொட்டிக் கல்லுல போட்டுத் திருப்பிடுவாரு. நான் பாஸுன்னு சொல்லிக்கிறேன்."

ஆட்டம் தொடங்கியது. நாங்கள் மூன்று பேரும் மலைக்கு அடியில் பிடிபட்டோம். சாமி வந்தது. மகள் குரலைத் தாழ்த்தி, நிறுத்தி நிறுத்திப் பேசினாள்.

"மூன்று பேரில் ஒருவர் எனக்கு மண்டோராக இருக்கலாம். மற்ற இருவரும் கல் சுமக்கவேண்டும்."

மண்டோர் என்ற சொல்லை எனக்குப் புரியட்டும் என்றுதான் போட்டாளாம். பிறகு சொன்னாள்.

புரிந்தது. தோட்டத்தில் ஆட்களை மேய்த்து வேலை வாங்குகிறவர்தான் மண்டோர். "நான் இருக்கேங்க," என்றேன்.

சொன்னபோது நான் நாற்காலியை விட்டு எழுந்திருந்தேன். கை இரண்டும் வயிற்றுக்கு முன்னால் சேர்ந்திருந்தது. யாரும் எழுந்திருக்கச் சொல்லவில்லை.

"ஆண்டி, அவன் நம்ம எதிரி லா," என்றான் பையன்.

"தெரியும் தம்பி. உள்ள நம்ம ஆளு ஒண்ணு இருந்தா உங்களுக்கு செனாங், கஷ்டம் குறையும்."

நான் அப்படித்தான் நினைத்தேன். தோட்டத்தில் நம்ம ஆள் மண்டோராக இருந்தால் பால் வெட்ட நமக்குச் சமதரையில் நெரை, மர வரிசை, கிடைக்கும். மேட்டு மரங்கள் வேறு யாருக்காவது போகும். எதிர்த்து நின்று யாரும் நல்ல நெரை வாங்கி நான் பார்த்ததில்லை.

மகள் சரி என்றாள். சாமி என் கையில் ஒரு இரும்புக் கம்பு கொடுத்தது. அடுப்படியிலிருந்து நானே ஒரு கரண்டியை எடுத்து வந்து வைத்துக்கொண்டேன்.

"பெரட்டு," என்று சத்தம் கொடுத்தேன். தோட்டத்தில் காலையில் ஆள் கணக்கு எடுக்க அப்படித்தான் கூப்பிடுவார்கள். "வரிசையா நில்லு. பேரு கூப்பிட்டா முன்னால வரணும்."

இரண்டு பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். பையன் இடுப்பில் கை வைத்து நொண்டினான். "மண்டோரம்மா, இன்னைக்கு இடுப்பு சாக்கிட். கல்லு தூக்க முடியாது."

"ஆஸ்பத்திரிச் சீட்டு எங்க?"

"இவதான் ஆஸ்பத்திரி," என்று தாதிப் பெண்ணைக் காட்டினான்.

"சீட்டு இல்லன்னா அரைப் பேருதான். அரைச் சம்பளம். வாயி காட்டுனா அதுவும் இல்ல."

எனக்கு நன்றாக வந்தது. யோசிக்கவே வேண்டியிருக்கவில்லை. கல் சின்னதாக இருக்கிறது என்றேன். தண்ணி குடிக்க இவ்வளவு நேரமா என்றேன். மகள் கதை சொல்வதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். சந்தோசமாகப் பார்க்கிறாள் என்று நினைத்தேன். நானும் சந்தோசமாக இருந்தேன். அதை ஒத்துக்கொள்ளத்தான் வேண்டும்.

அவர்கள் இருவரும் ராத்திரியில் தப்பிக்கச் சுரங்கம் தோண்டுவதாகக் கதை போனது. சாமிக்குத் தெரிந்துவிட்டது. என்னைக் கூப்பிட்டது.

"ஒருவரைத் தண்டிக்கவேண்டும். யார் என்று நீயே சொல்."

நான் கரண்டியைத் தாதிப் பெண் பக்கம் நீட்டினேன்.

மகள் பகடையை உருட்டினாள். வீராங்கனைக்கு நிறைய ரத்தம் போயிற்று. இன்னொரு அடி பட்டால் எழுந்திருக்க முடியாது என்றாள்.

"ஏன் ஆண்டி, நானு?" என்று அந்தப் பெண் கேட்டாள். சிரித்துக்கொண்டுதான் கேட்டாள்.

"நீ தாங்குவம்மா."

அது பொய். பையனைக் காட்டியிருந்தால் அவன் விட்டிருக்க மாட்டான். கேலி செய்வான், சண்டை போடுவான், சாமியிடமே நியாயம் கேட்பான். இவள் பேசாமல் வாங்கிக்கொள்வாள். யார் எதிர்த்துப் பேசமாட்டார்கள் என்று என் கண் தானாகத் தேடிப் பிடித்தது. அது ஒரு நொடிகூட எடுக்கவில்லை.

அதற்குமேல் எனக்குச் சிரிப்பு வரவில்லை.

சண்டை வந்தது. வாளும் மந்திரமும் சாமி மேல் படவில்லை. மண்டோர் கையில் கம்பு இருக்கும்வரை படாது என்று மகள் சொன்னாள். மண்டோர் கம்பைக் கீழே போட்டு, மாட்டேன் என்று சாமி முகத்துக்கு நேராகச் சொல்லவேண்டும்.

"பகடைகூட வேணாம்மா. வாயால சொல்லு. போதும்."

எனக்காகத்தான் அவ்வளவு சுலபமாக வைத்திருந்தாள். மூன்று பேரும் என்னைப் பார்த்தார்கள். மகள் முதுகை நிமிர்த்தி உட்கார்ந்து, அந்தக் குரலில் கேட்டாள்.

"என்ன சொல்லப் போகிறாய்?"

"வேலை இன்னும் பாக்கி இருக்குங்க," என்றேன்.

யாரும் சிரிக்கவில்லை.

"ஆண்டி, மாட்டேன்னு சொல்லுங்க," என்றான் பையன் மெதுவாக. "நம்மளோட விளையாட்டுதானே."

மகள் மறுபடியும் கேட்டாள். அதே குரல். நான் கரண்டியைப் பார்த்தேன். அதைக் கீழே வைப்பது ஒன்றும் பெரிய வேலை இல்லை. "தே ஆறிப்போச்சு," என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போனேன். தண்ணி வைத்தேன். கொதிக்கும்வரை அங்கேயே நின்றேன். தேத்தண்ணியோடு திரும்பி வந்தபோது மூன்று பேரும் அப்படியே உட்கார்ந்திருந்தார்கள். காத்துக்கொண்டிருந்தார்கள். கோப்பைகளை வைத்தேன். உட்கார்ந்தேன்.

தாதிப் பெண் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். நான் பார்ப்பது தெரிந்ததும் வேறு பக்கம் திரும்பிக்கொண்டாள். அவள் அப்பா வரும் நேரம் நெருங்கியிருந்தது.

"இன்னொரு வழி இருக்கு," என்றான் பையன். என் முகத்தைப் பார்க்காமல் சொன்னான். "மண்டோர் செத்துட்டா கம்பு கீழ விழுந்துரும்ல?"

மகள் என்னை ஒருமுறை பார்த்தாள். "விழும்," என்றாள்.

"ஆண்டிய நான் வெட்டமாட்டேன்," என்றாள் தாதிப் பெண்.

எவ்வளவு சுலபமாகச் சொல்லிவிட்டாள்.

"வெட்டும்மா," என்றேன். "நேரமாச்சு. வெட்டு."

அதுவும் உத்தரவாகத்தான் வந்தது.

அவள் பகடையைக் கையில் வைத்துக்கொண்டு, "மன்னிச்சிருங்க ஆண்டி," என்றாள். உருட்டினாள். நான் செத்தேன். கம்பு விழுந்தது. அதற்குப் பிறகு அவர்கள் நன்றாகச் சண்டை போட்டார்கள். மந்திரவாதி தீயை வரவழைத்தான். வீராங்கனை, அந்தக் கொஞ்ச ரத்தத்தோடு, சாமியின் கழுத்தில் வாளை இறக்கினாள். பையன் மேசையில் உறுமி அடித்தான். தாதிப் பெண் அழுதாள், மகளைக் கட்டிப் பிடித்துக்கொண்டாள். அவள் ஆசைப்பட்டது நடந்துவிட்டது. நான் இல்லாததால் நடந்தது.

நான் கோப்பைகளைக் கழுவிக்கொண்டிருந்தேன். அவள் அடுப்படிக்கு வந்து என் ஈரக் கையைப் பிடித்தாள்.

"கோவமா ஆண்டி? வேற வழி தெரியல."

அடி வாங்கியவள் மன்னிப்புக் கேட்கிறாள். கேட்கவேண்டியவள் நான். "பாத்துப் போயிட்டு வாம்மா," என்றேன். கீழே அவள் அப்பா கார் ஹாரன் அடித்தது. போய்விட்டாள்.

எல்லாரும் போனபிறகு மகள் பகடைகளைப் பொறுக்கிப் பையில் போட்டாள்.

"ஏம்மா சொல்லல?"

"வாயில வரல."

"பேசுனது நான்தாம்மா."

"தெரியும்."

"என்கிட்டகூடவா?"

பிள்ளையாக இருக்கும்போது அவளை அதட்டியிருக்கிறேன், அடித்துமிருக்கிறேன். அவளுக்கு நான் பயந்ததே இல்லை. ஆனால் குரல் கொஞ்சம் தாழ்ந்து மேலே இருந்து வந்ததும், அது பெற்ற பிள்ளை என்று தெரிந்தும், என் உடம்பு எழுந்து நின்றுவிட்டது. அதை அவள் பார்த்துவிட்டாள். கிலாங்கில் நான் எப்படி இருப்பேன் என்று அவளுக்கு அதுவரை தெரியாது. வீட்டில் நான் அதிகம் பேசாதவள். அதை அவள் தைரியம் என்று நினைத்திருக்கலாம்.

திங்கட்கிழமை மேனேஜர் லைனுக்கு வந்தார். வரும் ஞாயிற்றுக்கிழமை வேலைக்கு ஒரு ஆள் வேண்டும், யாரைப் போடலாம் என்றார். என் லைனில் மியன்மார் பெண் ஒருத்தி இருக்கிறாள். என்ன சொன்னாலும் தலையாட்டுவாள். இப்படிக் கேட்கும்போதெல்லாம் நான் அவள் பெயரைத்தான் கொடுப்பேன். அன்றைக்கும் அந்தப் பெயர் நாக்கு நுனிக்கு வந்தது. விழுங்கினேன். இந்தப் பிள்ளைகள் ஞாயிற்றுக்கிழமை தூங்கி ரொம்ப நாளாச்சு, இந்த வாரம் யாரும் வரமாட்டார்கள் என்று சொல்ல வாயைத் திறந்தேன்.

"நானே வாரேன்," என்றேன்.

அவர் தலையாட்டிவிட்டுப் போனார்.

வீட்டில் மகள் புதுக் கதை எழுதிக்கொண்டிருந்தாள். "இந்த ஞாயிறும் நீ உக்காரும்மா. உனக்குன்னு ஒரு ஆளு செஞ்சு வச்சிருக்கேன்."

"வேலைக்குப் போறேன்."

"யாரு போகச் சொன்னா?"

நடந்ததைச் சொன்னேன். அவள் பேனாவைக் கீழே வைத்தாள்.

"அதுக்குப் பேரு மாட்டேன் இல்லம்மா."

"தெரியும்," என்றேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை கிலாங் பஸ்ஸில் ஏறினேன். அந்த மியன்மார் பெண் ஜன்னல் ஓரமாக உட்கார்ந்திருந்தாள். இன்னொரு ஆளும் தேவைப்பட்டதாம், மேனேஜரே அவள் பெயரையும் போட்டுவிட்டாராம். அவள் வரவேண்டாம் என்று நான் சொல்லவில்லையே. என்னைப் பார்த்ததும் அவசரமாக எழுந்து, ஜன்னல் பக்கத்து இடத்தை எனக்கு விட்டுக்கொடுத்தாள்.

உட்கார்ந்தேன்.