மோர்னிங்சைட் கண்ணாடியில் எங்கள் வைபி

ஞாயிறு, மாலை 4.20. விமானம் டொரோண்டோவில் இறங்கியது. ஈப்போவில் வீட்டைப் பூட்டியதிலிருந்து முப்பத்திரண்டு மணி நேரம். கோலாலம்பூரிலிருந்து டோஹா ஏழரை மணி, அங்கே நான்கு மணி காத்திருப்பு, பிறகு ஒரே மூச்சில் பதினான்கு மணி. டிக்கெட் 5,640 ரிங்கிட். ஐம்பத்து மூன்று வயதில் எனக்கு இதுதான் முதல் விமானம். கீழே வீட்டுக் கூரைகளெல்லாம் வெள்ளையாகத் தெரிந்தபோது பக்கத்தில் இருந்தவரை எழுப்பிக் காட்ட வேண்டும்போல் இருந்தது. கூச்சத்தால் எழுப்பவில்லை.

குடிநுழைவு அதிகாரி எதற்கு வந்தாய் என்று கேட்டார். எங்கள் கட்சிக் கிளையில் இருக்கும் தேவிகா எனக்கு ஓர் ஆங்கில வரியைச் சொல்லி மனப்பாடம் செய்ய வைத்திருந்தாள். "நண்பரைப் பார்க்க வந்தேன்" என்று ஒப்பித்தேன். இருபத்திரண்டு வருடத்தில் அவரை நான் நண்பர் என்று சொன்னது அதுதான் முதல் முறை.

அந்த நண்பர் தணிகைவேல். பேராக் மாநிலத்தில் எங்கள் தொகுதியின் முன்னாள் சட்டமன்ற உறுப்பினர். எங்கள் நாட்டில் அப்படிப்பட்டவரை 'வைபி' என்போம். மாண்புமிகு என்று பொருள். தோற்ற பிறகும் எனக்கு அவர் வைபிதான். நான் அவருடைய காரோட்டி. அதோடு, நான்கு தேர்தலிலும் அவருடைய வேட்புமனுவில் கையெழுத்துப் போட்டவன். எங்கள் ஊரில் வேட்பாளரை ஒருவர் முன்மொழிய வேண்டும், இன்னொருவர் வழிமொழிய வேண்டும். இருவரும் அந்தத் தொகுதியின் வாக்காளர்களாக இருக்க வேண்டும். அந்த இரண்டாவது கையெழுத்து எப்போதும் என்னுடையது. ஆறாம் வகுப்போடு நின்றவன் நான். அந்தக் கையெழுத்தைப் போல் வேறு எதையும் அவ்வளவு அழகாக எழுதியதில்லை.

போன தேர்தலில் நூற்றுப் பதினேழு ஓட்டில் தோற்றார். பிறகு மகளுக்குக் குழந்தை பிறந்ததென்று, மூன்று மாதத்தில் திரும்புவதாகச் சொல்லிவிட்டுக் கனடா வந்தவர், ஏழு மாதமாகியும் திரும்பவில்லை. இப்போது அடுத்த தேர்தல் பேச்சு வந்துவிட்டது. வெள்ளிக்கிழமை மாலை கிளைக் கூட்டம். பெயர் முடிவாகி மேலிடத்துக்குப் போக வேண்டும். போனில் கேட்டால் "பாக்கலாம்லா" என்று பேச்சை மாற்றுகிறார். நேரில் கேட்க என்னை அனுப்பினார்கள். உன்னிடம்தான் அவர் மறுக்க மாட்டார் என்றார்கள். கேட்கும் தைரியம் எனக்கு வருமா என்பதை ஒருவரும் யோசிக்கவில்லை.

அதைவிடப் பெரிய அவசரம் ஒன்றையும் செய்துவிட்டார்கள். அவர் சம்மதிப்பதற்கு முன்பே இருபது பேனர் அடித்துவிட்டார்கள். 'மீண்டும் நம் வைபி' என்ற பெரிய எழுத்து, பக்கத்தில் பத்து வருடத்துக்கு முந்தைய கறுப்பு முடியோடு அவர் சிரிப்பு. அதில் ஒன்று, ஆறடிக்கு மூன்றடி, என் பெட்டியில் நெத்திலி சம்பலுக்கும் மீன் அப்பளத்துக்கும் அடியில் மடிந்து கிடந்தது. அவர் சரியென்றால் விரித்துப் படம் எடுத்து அனுப்ப வேண்டும்.

மாலை 5.45. வைபியின் மருமகன் சுதன் காரோடு வந்திருந்தார். யாழ்ப்பாணத்துப் பிள்ளை, ஸ்காபரோவில் வளர்ந்தவர். நான் பழக்கத்தில் இடப்பக்கக் கதவைத் திறந்து உட்காரப் போனேன். அங்கே ஸ்டீயரிங் இருந்தது.

"என்ன அண்ணை, வந்த உடனயே கார் ஓடப் போறியளோ?" என்று சிரித்தார் சுதன்.

விமான நிலையத்திலிருந்து வைபி இருக்கும் மோர்னிங்சைட் 43 கிலோமீட்டர். 401 நெடுஞ்சாலையில் எத்தனை தடம் என்று எண்ணத் தொடங்கிப் பாதியில் விட்டுவிட்டேன். ஒவ்வொரு வளைவிலும் என் வலது கால் இல்லாத பிரேக்கை மிதித்தது.

"வைபி வரலையா தம்பி?"

"மாமாவுக்கு மீட்டிங் அண்ணை."

"மீட்டிங்கா?"

"ஓம். உங்கட ஊரில தோத்தவர், இஞ்ச ஒரு தொகுதி பிடிச்சு வைச்சிருக்கிறார்."

சுதன் விளையாட்டாகத்தான் சொன்னார். எனக்குப் பெட்டியில் கிடந்த பேனர் ஞாபகம் வந்தது.

மாலை 6.50. பதினான்கு மாடிக் கட்டடம், சுதன் வீடு அதில்தான். கண்ணாடி வாசலுக்குள்ளே கீழ்த்தளக் கூடத்தில் முதியவர்கள் ஏழெட்டுப் பேர் மடக்கு நாற்காலிகளில் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் தடித்த ஜாக்கெட்டும் கம்பளித் தொப்பியுமாக எங்கள் வைபி. காலடியில், ஊரில் எப்போதும் கூடவே வைத்திருந்த அதே பச்சை பிளாஸ்க். என்னைப் பார்த்ததும் எழுந்து வந்தார்.

"என்னாப்பா முனி, பசியாறிட்டியா?"

ஏழு மாதம் கழித்து முதல் வார்த்தை அது. தலையாட்டினேன்.

பக்கத்து நாற்காலியில் இருந்த ராசம்மா அன்ரி என்னை மேலும் கீழும் பார்த்தார். எழுபது வயதிருக்கும். சேலைமேல் இரண்டு ஸ்வெட்டர். "மலேசியா அண்ணை, உவர் ஆர்?"

"என் ஆளு. இவன் கையெழுத்து இல்லாம நான் ஒரு தேர்தல்லயும் நின்னதில்ல."

விஷயம் இதுதான். அந்தக் கூடத்தில் நீளமான பெஞ்ச் ஒன்று இருந்தது. எதிரே பஸ் நிறுத்தம். குளிர் காலத்தில் முதியவர்கள் உள்ளே உட்கார்ந்து, கண்ணாடி வழியே பஸ் வருவதைப் பார்த்துவிட்டு இறங்கிப் போவார்கள். ஆட்கள் கூடிப் பேசிச் சத்தம் போடுகிறார்கள் என்று கட்டடத்தின் புதிய மேனேஜர் பெஞ்சை எடுத்துவிட்டார். அதைத் திருப்பிக் கேட்டு மூன்று வாரமாக வைபி மற்றவர்களோடு நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்.

அந்த முறை எனக்குத் தெரியும். அவருடைய அரசியலே அப்படித்தான் தொடங்கியது. அப்போது அவர் லோரி உதவியாள். நாங்கள் வேலை பார்த்த எஸ்டேட்டை விற்றுவிட்டுப் பதினாறு குடும்பங்களைக் காலி செய்யச் சொன்னார்கள். அதில் என் குடும்பமும் ஒன்று. எல்லோரும் கத்தலாம் என்றபோது அவர், "கத்தாதீங்க, உக்காருங்க" என்றார். நில அலுவலக வாசலில் மூன்று நாள் உட்கார்ந்தோம். பிளாஸ்கில் இஞ்சித் தேநீர். எங்களை விரட்ட வந்த அதிகாரிக்கும் ஒரு கோப்பை நீட்டினார். மூன்றாம் நாள் அந்த அதிகாரியே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து எங்கள் ஃபைலைத் திறந்தார். பதினாறு குடும்பத்துக்கும் மாற்று வீடு கிடைத்தது. மறு வருடம் தேர்தலில் நிற்கச் சொன்னார்கள்.

திங்கள், செவ்வாய். என்னை ஊர் சுற்றிக் காட்டினார். சட்டமன்ற உறுப்பினராக இருந்த காலமெல்லாம் என் காரில் பின்னால் உட்கார்ந்து வந்தவர், இங்கே அட்டையைத் தட்டிப் பஸ்ஸில் ஏறுகிறார். 3 டொலர் 30 காசு. இரண்டு மணி நேரத்துக்குள் எத்தனை பஸ்ஸும் மாறலாம். காப்பிக் கடையில் ஒரு கோப்பை 1 டொலர் 90. ரிங்கிட்டில் பெருக்கிப் பார்த்தபோது கசந்தது. ஆனாலும் சூடு நன்றாக இருந்தது.

பஸ்ஸில் ராசம்மா அன்ரியும் வந்தார். "மலேசியா அண்ணை, உங்கட ஊரில கட்சி மாறுறவையை என்னண்டு சொல்றது?"

"தவளைம்போம்."

"அப்ப நீங்கள் ஒருக்காவும் பாயேல்லையோ?"

வைபி என்னைப் பார்த்தார். "முனியக் கேளுங்க."

கூச்சத்தோடு சொன்னேன். இரண்டாவது முறை ஜெயித்த பிறகு எதிர்க்கட்சிக்காரர்கள் அவரைத் தாவச் சொல்லி ஒரு ஹோட்டலுக்கு அழைத்தார்கள். பாதி வழியில் காரை நிறுத்தச் சொன்னார். ஓரக்கடையில் இருவரும் தேநீர் குடித்தோம். குடித்து முடித்ததும், "முனி, இப்ப வீட்டுக்குப் போற வழியில இருக்கோமா, ஹோட்டலுக்குப் போற வழியிலயா?" என்றார். "நீங்க சொல்றதுதான் வைபி" என்றேன். "அப்ப வீட்டுக்குத் திருப்பு" என்றார். அதற்கப்புறம் அவருக்கு ஒரு பெரிய பதவியும் வரவில்லை.

"நல்ல விசரன்தான் நீங்கள்" என்றார் அன்ரி. விசரன் என்றால் பைத்தியக்காரன், ஆனால் சொன்ன விதத்தில் அது பாராட்டு.

புதன். சுதன் எங்களை யூனியன்வில்லுக்குக் கூட்டிப் போனார். பழைய கடைத்தெரு, அதன் முடிவில் குளம், ஓரமெல்லாம் கண்ணாடிபோல் உறைந்திருந்தது. நடுவில் மிச்சமிருந்த தண்ணீரில் வாத்துகள். இப்போது கேட்டுவிடலாம் என்று வாயைத் திறந்தேன். "வைபி, குளிருது" என்றுதான் வந்தது. இரவு தேவிகாவின் குரல் செய்தி: "முனிண்ணே, கேட்டீங்களா? கிளைத் தலைவர் என்னைய அரிக்கிறாரு." நாளைக்கு என்று பதில் அனுப்பினேன். தேவிகா எங்கள் மகளிர் பிரிவுத் தலைவி. வைபி போன பிறகும் சேவை மையத்தைச் சனிக்கிழமை தவறாமல் திறந்து வைத்திருப்பவள்.

வியாழன், காலை 9 மணி. பனி கொட்டியது. சின்னப் பிள்ளைபோல் பால்கனியில் கையை நீட்டிப் பார்த்தேன். அன்று மேனேஜர் பேச வருவதாகச் சொல்லியிருந்தார். கீழே போனால் ஒரே கலவரம். அன்ரி தம் பால்கனியில் வைத்திருந்த கோரிக்கை அட்டைகள் இரவுப் பனியில் ஊறி, மை வழிந்து, கையில் எடுத்ததும் கிழிந்தன.

"ஐயோ, மனுசன் பதினொண்டுக்கு வந்திடுவான். ஒரு துணி கிடையாதோ? பெட்சீற் ஆவது?"

"வெள்ளை பெட்சீற் ஆரிட்டக் கிடக்கு அன்ரி? எல்லாம் பூப்போட்டது" என்றார் சுதன்.

எல்லோரும் பேசினார்கள். ஓரமாக நின்ற நான், "என்கிட்ட ஒண்ணு இருக்கு" என்றேன். யாருக்கும் கேட்கவில்லை. மறுபடி சொன்னேன். வைபி திரும்பினார்.

மேலே போய்ப் பெட்டியைக் கவிழ்த்தேன். மீன் அப்பளம் தரையெல்லாம் சிதறியது. மின்தூக்கியில் பேனரை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நிற்கும்போதுதான் என்ன செய்கிறேன் என்று உறைத்தது. அதற்குள் கதவு திறந்துவிட்டது.

விரித்தார்கள். மேலே வைபியின் முகம் சிரித்தது. மீண்டும் நம் வைபி.

வைபி தன் பழைய முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன்.

"எத்தன அடிச்சீங்க?"

"இருபது, வைபி."

"கேக்காமலேயே?"

"கேக்கத்தான் வந்தேன்."

பேனரைத் திருப்பிப் போட்டார். பின்பக்கம் பளீர் வெள்ளை. "சுதன், எழுதுலா" என்றார்.

எங்கள் பெஞ்சைத் திருப்பித் தாருங்கள் என்று ஆங்கிலத்திலும் தமிழிலும் எழுதி, எழுத்து உள்ளே தெரியும்படி வாசல் கண்ணாடியில் ஒட்டினோம். அதனால் வைபியின் முகம் தெருவைப் பார்த்துச் சிரித்தது. பனிக்குள்ளே போகிற பஸ்ஸிலிருந்து ஆட்கள் எட்டிப் பார்த்தார்கள். ஒருவர் பஸ்ஸை விட்டு இறங்கியே உள்ளே வந்துவிட்டார்.

"ஆர் உவர்? எலெக்சனோ? எந்தக் கட்சி?"

"பெஞ்ச் கட்சி. இஞ்ச கையெழுத்து வையுங்கோ" என்று அன்ரி பேனாவை நீட்டினார்.

காலை 11.15. மேனேஜர் வந்தார். தலை கதவு நிலையில் முட்டுமளவு உயரம். கோபமாகத்தான் வந்தார். வாசலில் ஒட்டிய முகத்தைப் பார்த்தார், அதே முகம் நரைத்துப்போய் எதிரில் நிற்பதைப் பார்த்தார், கேட்க வந்ததை மறந்துவிட்டார். வைபி பிளாஸ்கைத் திறந்து ஒரு கோப்பை நீட்டினார். அவர் வேண்டாம் என்றார். வைபி நீட்டிய கையை மடக்கவில்லை. எனக்குச் சிரிப்பு வந்தது. அந்தக் கை மடங்காது. கடைசியில் மேனேஜர் வாங்கிக் குடித்தார், மூக்கைத் தேய்த்தார், உட்கார இடம் தேடினார். எல்லா நாற்காலியிலும் ஆள்.

"பெஞ்ச் இருந்தா நீங்களும் இருக்கலாம்" என்று அன்ரி தமிழில் சொல்ல, சுதன் ஆங்கிலத்தில் சொன்னார். மேனேஜர் சிரித்துவிட்டார்.

மாலை 3 மணிக்குக் கீழ்க்கிடங்கிலிருந்து பெஞ்சைத் தூக்கி வந்தார்கள். ஒரு முனை என் தோளில் இருந்தது. கை தட்டினார்கள். யாரோ ஒருவர் விசிலடித்தார். அந்த யாரோ நான்தான்.

மாலை 7 மணி. எல்லோரும் போனபின் பெஞ்சில் நானும் அவரும். ஊரில் அப்போது வெள்ளிக்கிழமை காலை எட்டு.

"முனி, நான் போனதுக்கப்புறம் சனிக்கிழம மையத்த யாரு தொறக்கிறா?"

"தேவிகா."

"வீடு வீடா யாரு போறா?"

"தேவிகாதான். மழையிலயும் மோட்டார்சைக்கிள்ல போவுது."

"அப்பறம் என்னத்துக்கு முப்பத்திரண்டு மணி நேரம் பறந்து எங்கிட்ட வந்தீங்க? நான் நிக்கலப்பா. தேவிகா நிக்கட்டும். வருவேன். தைப்பூசத்துக்கு முன்னாடியே வந்துருவேன். அவ மனுவுல வழிமொழியிறேன்."

எனக்கு எங்கிருந்து வேகம் வந்ததோ தெரியாது. "அது என் இடம், வைபி."

என்னை வியப்பாகப் பார்த்தார். பிறகு தொடையில் தட்டிச் சிரித்தார். "சரிலா. அப்ப நீ முன்னுக்குப் போ. முன்மொழி."

முன்மொழிபவர் வேட்பாளர் பக்கத்தில் நடக்க வேண்டும். மாலை விழும், படம் எடுப்பார்கள், மைக்கை நீட்டுவார்கள். இருபத்திரண்டு வருடமாக நான் அதற்குப் பின்னால்தான் நின்றேன். வேண்டாம் என்று சொல்ல வாயெடுப்பதற்குள் அவர் தேவிகாவுக்குப் போன் போட்டுவிட்டார்.

"யாரு கேட்டா என்னைய?" என்று அவள் எடுத்த எடுப்பிலேயே பாய்ந்தாள். "நான் நின்னா இங்க அடைச்ச லோங்கான யாரு பாக்குறது?"

லோங்கான் என்றால் சாக்கடை. "நின்னாலும் நீதான்மா பாக்கணும்" என்றார் வைபி.

அவள் குரல் தணிந்தது. "இருபது பேனர் உங்க மூஞ்சியோட அடிச்சாச்சே வைபி."

நான் போனைப் பிடுங்கினேன். "பின்பக்கம் வெள்ளையாத்தான் இருக்கும்மா. நல்லா எழுத வருது. நாங்க இங்க எழுதிப் பாத்துட்டோம்."

தேவிகா சிரித்தாள். அழுதாளோ, சரியாகத் தெரியவில்லை.

வெள்ளி, காலை 9.30. அவள் செய்தி வந்தது. "கிளையில ஒத்துக்கிட்டாங்க முனிண்ணே. வெள்ளைச் சட்டய தேச்சு வைங்க."

சனி, பகல் 12. புறப்பட்டேன். பேனரைக் கேட்கலாமென்று கூடத்துக்குப் போனால், ராசம்மா அன்ரி பெஞ்சில் பஸ்ஸுக்குக் காத்திருந்தார். "உந்த பேனரை நான் வைச்சிருக்கிறன். இன்னும் லிஃப்ட் சங்கதி கிடக்கு" என்றார். அவரிடமே விட்டுவிட்டு வந்தேன். காரில் இந்த முறை நேராக வலப்பக்கக் கதவுக்குப் போனேன். ஊரில் வைபிக்கு நான் கதவைத் திறந்துவிடுவேன். அன்று அவர் எனக்குத் திறந்துவிட்டார்.

விமானத்தில் பக்கத்து இருக்கையில் கொழும்புக்குப் போகும் ஒரு பெண்மணி. அவராகவே பேச்சுக் கொடுத்தார்.

"கனடாவுக்கு என்ன அலுவலா வந்தனீங்கள்?"

"தேர்தல்ல நிக்க ஆள் தேடி வந்தேன்."

"ஆள் கிடைச்சுதோ?"

"கிடைச்சுது. எங்க ஊர்லயே இருக்கு. நான்தான் முன்மொழியிறேன்."

கொஞ்சம் சத்தமாகவே சொல்லிவிட்டேன் போலிருக்கிறது. முன் இருக்கைக்காரர் திரும்பிப் பார்த்தார். நான் தலையைக் குனியவில்லை.