பேராசிரியரின் கைக்குட்டை

அவர் வெளிநாட்டில் பேராசிரியர். சினிமா பற்றியும் அயர்லாந்து இலக்கியம் பற்றியும் ஆங்கிலத்தில் புத்தகங்கள் எழுதியவர். கசங்காத வெள்ளைச் சட்டை, மழமழவென்று சவரம் செய்த முகம். தன் புத்தகத்தை யாராவது தொட்டுவிட்டால், திரும்ப வாங்கியதும் கைக்குட்டையால் துடைப்பார்.

கிளிநொச்சியில், காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மார் போராடும் கொட்டகைக்கு நான்தான் அவரை மோட்டார் சைக்கிளில் கூட்டிப்போனேன். அயர்லாந்துப் புத்தகத்தை ஒரு அம்மாவின் கையில் கொடுத்துப் படம் எடுத்தார்.

"அழாதேங்கோ அம்மா. அழுதால் படம் மலிவாத் தெரியும்."

இத்தனை வருடங்களாகப் அங்கே புத்தகத்தோடு வந்த எல்லோரும் காணாமல் போன பிள்ளைகளின் பெயரைப் பதியத்தான் வந்தார்கள். அந்த அம்மா அவசரமாகப் பக்கங்களைப் புரட்டினார்.

"என்ர மகன்ர பேர் எந்தப் பக்கத்தில இருக்கு ஐயா?"

"இது அயர்லாந்தில பிள்ளையளுக்காகக் காத்திருந்த தாய்மாரைப் பற்றினது."

"அந்தத் தாய்மாருக்குப் பிள்ளையள் கிடைச்சிதோ?"

"அது என்ர ஆய்வுக்குள்ள வராது அம்மா."

புத்தகத்தை வாங்கி, அந்த அம்மா புரட்டிய பக்கங்களையும் விடாமல் துடைத்தார். பிறகு கையெழுத்துப் போட்டு எனக்குத் தந்தார். "பெரிய வேலை சேர்" என்றேன். வெட்கம்கெட்ட வாய்.

வீட்டுக்கு வந்து, அந்த அம்மாவின் விரல் அடையாளம் எங்காவது இருக்குமா என்று ஒவ்வொரு பக்கமாக வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். மனிதர் சுத்தமாகத்தான் துடைத்திருந்தார்.