பாக் சமாட் சொன்ன 'ஆயர் பாசாங்'

புரியாத சொல்லைப் புரிந்ததாக அன்று நான் ஏன் சொன்னேன்? இன்றுவரை விடை தெரியவில்லை.

சென்ற மாதம் மெர்சிங் கடலோரப் பாறைகளைச் சுற்றி நடந்து பார்க்க ஆறு பேர் போனோம். என் கணவர், அவருடைய அலுவலக நண்பர்கள் மூவர், நான், என் இரண்டு வயது மகன். நாங்கள் தங்கிய விடுதியார் வழிகாட்டியாக அனுப்பிய பாக் சமாட் மலாய்க்காரர். எங்களில் மலாய் படித்தவள் நான் ஒருத்திதான், அதுவும் புத்தகத்தில்.

முனையைத் தாண்டி ஒரு பாறையில் உட்கார்ந்தோம். பாக் சமாட் கடலைக் காட்டி, "ஆயர் பாசாங்," என்று இருமுறை சொன்னார்.

"என்னவாம்?" என்றார் கணவர்.

ஆயர் தண்ணீர். பாசாங் என்றால் விளக்கேற்றுவது என்று படித்திருந்தேன். கடலை ஏன் காட்டுகிறார் என்று உறுத்தியது. ஆனாலும், "அடுப்பு மூட்டித் தண்ணி வைக்கப் போறாராம்," என்றேன்.

"அப்ப தேத்தண்ணி குடிச்சிட்டே போலாம்," என்று நண்பர் ஒருவர் காலை நீட்டினார்.

வழி பார்க்க முன்னே போன பாக் சமாட் கத்திக்கொண்டே ஓடிவந்தபோது, திரும்பும் பாதை நீருக்குள் இருந்தது. மகனைத் தோளில் சுமந்து கரை சேர்த்தார். மற்றவர்களுக்காகத் திரும்பியவரை அலை பாறையில் அறைந்தது. அவர் இடுப்பு முறிந்துவிட்டது; அவரையும் பிடித்துக்கொண்டு நாங்கள் ஒருவழியாகக் கரையேறினோம்.

பாசாங் என்றால் கடல் ஏறுவதும்தான் என்று பிறகே அறிந்தேன். இப்போது தெரியாத சொல்லை யார் சிரித்தாலும் திரும்பக் கேட்கிறேன்.

ஆனால் பாக் சமாட் எச்சரிக்கவில்லை என்று எல்லோரும் குற்றம் சொல்ல, விடுதியார் அவரை வேலையிலிருந்து நீக்கிவிட்டார்கள். கணவரும் அப்படியே எழுதிக் கொடுத்திருக்கிறார். நான் உண்மையைச் சொன்னால் அவர் தலைகுனிவார். சகோதரிகளே, கணவரிடம் முதலில் சொல்லட்டுமா, விடுதிக்கே எழுதட்டுமா?