செல்ஃப் எடுக்காத ஞாயிற்றுக்கிழமை

மாடியில் குடியிருக்கும் நாத்தனார் அவளை ஒரு நாளைக்கு நாற்பது தடவை "அண்ணி" என்று கூப்பிடுவாள். அது தெருமுனை வரை கேட்கும். கேட்டுக் கேட்டு மருந்துக்கடைக்காரர், தபால்காரர், எதிர்வீட்டுத் தையல்காரர் என்று எல்லாருக்குமே அவள் அண்ணியாகிவிட்டாள். அவளைவிடப் பத்து வயது மூத்தவர்கள்கூட அப்படித்தான் கூப்பிடுவார்கள். அவளும் அதைப் பற்றிக் கவலைப்பட்டதில்லை. எதற்கும் கவலைப்படுவது அவள் சுபாவமே இல்லை.

வேலை ஆஸ்பத்திரிச் சலவைக்கூடத்தில். இருபத்திரண்டு வயதில் படுக்கை விரிப்பு மடிக்கிற வேலைக்குத்தான் போய்ச் சேர்ந்தாள். மெஷின் நின்றால் மெக்கானிக் வர இரண்டு நாளாகும். அதற்குள் அழுக்குத் துணி மலையாகக் குவிந்துவிடும். ஆபரேஷன் தியேட்டரிலிருந்து ஆள் மேல் ஆள் வந்து கத்திவிட்டுப் போவார்கள். மெக்கானிக் வந்தால் பத்து நிமிஷத்தில் வேலையை முடித்துவிட்டு அரை மணி நேரம் டீ குடிப்பார். அந்தப் பத்து நிமிஷமும் அவள் பக்கத்தில் நின்று கண்கொட்டாமல் பார்ப்பாள். இது என்ன, அது எதற்கு என்று துளைத்தெடுப்பாள். நாலாவது வருஷம் ஒரு நாள், மெக்கானிக் வந்து பார்த்தால் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது.

"அப்ப என்னை எதுக்குக் கூப்பிட்டீங்க?"

"சரியா பண்ணியிருக்கேனான்னு பார்த்துட்டுப் போங்க."

அவர் பார்த்தார். ஒரே ஒரு நட்டை மட்டும் இன்னும் கால் சுற்று இறுக்கிவிட்டுப் போனார். இப்போது அவளுக்கு நாற்பத்துமூன்று வயது. கூடத்திலுள்ள அத்தனை மெஷினும் அவள் பொறுப்பு.

காலை ஷிஃப்ட் ஐந்து மணிக்கு. முதல் பஸ் ஐந்தரைக்கு. அதற்காகத்தான் பழைய சின்னக் கார் ஒன்றை வாங்கினாள். வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி இஸ்திரி போடும் அக்கா ஏறிக்கொள்வாள். பாலத்துக்குப் பக்கத்தில் துணி மடிக்கும் அக்கா தங்கை இருவரும் நிற்பார்கள். கார் கிளம்பவில்லையென்றால் நாலு பேருமே இருட்டில் நடக்க வேண்டியதுதான்.

அந்தக் கார்தான் கொஞ்ச நாளாகவே மக்கர் பண்ண ஆரம்பித்திருந்தது. சாவியைத் திருப்பினால் 'டிக்' என்று ஒரு சத்தம். அவ்வளவுதான். இரண்டாவது, மூன்றாவது தடவை திருப்பினால் ஒன்றுமே நடக்காததுபோல ஸ்டார்ட் ஆகிவிடும்.

"பேட்டரி" என்றார் மாப்பிள்ளை.

மாப்பிள்ளை என்பது நாத்தனாரின் புருஷன். கண்ணாடிக் கடையில் லென்ஸ் வெட்டுகிறவர். கல்யாணமாகிப் பதினாறு வருஷமாகி, முன்தலையில் வழுக்கையும் விழுந்துவிட்டது. ஆனாலும் அந்த வீட்டில் அவர் இன்றைக்கும் மாப்பிள்ளைதான். மாப்பிள்ளை சொன்னால் சொன்னதுதான், மறுபேச்சு கிடையாது. அதுவும் கார் விஷயத்தில் கேட்கவே வேண்டாம். இதுவரை நாலு கார் வாங்கி விற்றவர் என்ற பெருமை அவருக்கு உண்டு. அவரே ஆள் அழைத்துவந்து புது பேட்டரி போட்டுவிட்டார். அண்ணிக்கு உள்ளுக்குள் ஒரு சந்தேகம் இருந்தது. இருந்தாலும் மாப்பிள்ளை மனசு கோணக்கூடாதே என்று பேசாமல் இருந்துவிட்டாள்.

புது பேட்டரியோடு ஐந்து நாள் ஓடியது. சனிக்கிழமை மத்தியானம் ஷிஃப்ட் முடிந்து ஆஸ்பத்திரி வாசலில் சாவியைத் திருப்பினாள். டிக். ஐந்தாவது தடவைதான் உயிர் வந்தது. வீட்டுக்கு வந்து போர்ட்டிகோவில் நிறுத்தி, சோதித்துப் பார்க்கலாம் என்று மறுபடி திருப்பினாள். டிக். அதற்கப்புறம் எத்தனை தடவை திருப்பினாலும் அதே டிக்.

தெரிந்த ஒர்க்‌ஷாப்புக்கு அவள் புருஷன் போன் போட்டார். எஞ்சினைச் சுழற்றிவிடும் செல்ஃப் மோட்டாரையே மொத்தமாக மாற்ற வேண்டும், வண்டியைப் புதன்கிழமை கொண்டுவந்து விடுங்கள் என்றார்கள்.

"திங்கட்கிழமை காலைல அஞ்சு மணிக்கு நான் அங்க இருக்கணும். நாளைக்கு நானே கழட்டிப் பார்க்கறேன்" என்றாள்.

புருஷன் நூலகர். சுவரில் ஆணி அடிப்பதென்றாலும் தள்ளி நிற்கிற மனுஷன். ஆனால் அவளை அவருக்குத் தெரியும். வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. நூலகத்துக்குப் போய் அந்த மாடல் காரின் ரிப்பேர் புத்தகத்தைத் தேடி எடுத்துக்கொண்டு வந்தார்.

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கு பானெட் திறந்தது. எட்டேகாலுக்கு மாப்பிள்ளை லுங்கியோடு மாடியிலிருந்து இறங்கி வந்தார்.

"அக்கா, இதெல்லாம் நமக்கு எதுக்கு? அந்த பேட்டரியே டூப்ளிகேட்டா இருக்கும். நான் போய் அவன உண்டு இல்லைன்னு பண்ணிட்டு வர்றேன்."

"வந்தது நல்லதாப் போச்சு தம்பி. சாவியத் திருப்ப ஒரு ஆள் வேணும். கியர் நியூட்ரல்ல இருக்கா, ஹேண்ட்பிரேக் போட்டிருக்கான்னு பார்த்துட்டு உள்ள உக்காருங்க. முதல்ல ஹெட்லைட்டப் போடுங்க."

மாப்பிள்ளை உட்கார்ந்தார்.

விளக்கு எதிர்ச்சுவரில் பளிச்சென்று விழுந்தது. சாவியைத் திருப்பச் சொன்னாள். டிக். வெளிச்சம் கொஞ்சம்கூட மங்கவில்லை. பேட்டரி ஓய்ந்திருந்தால் அந்த நேரத்தில் விளக்கு அழுதுவடியும். மீட்டரை எடுத்து பேட்டரியில் வைத்தாள். பன்னிரண்டரை வோல்ட். சாவியைத் திருப்பியபோதும் அது இம்மியும் அசையவில்லை.

"பேட்டரி நல்லா இருக்கு" என்றாள். குரலில் குத்தல் இல்லை. வார்டில் ஜுரம் பார்த்துச் சொல்கிற நர்ஸ் மாதிரி சொன்னாள்.

செல்ஃப் மோட்டார் எஞ்சினுக்கு முன்பக்கம், காற்று வடிகட்டிப் பெட்டிக்கு அடியில் இருந்தது. பெட்டியைக் கழற்றியதும் மோட்டார் நன்றாகக் கண்ணுக்குத் தெரிந்தது. அதன் முதுகில் ஒட்டிக்கொண்டிருக்கும் சின்ன உருளைதான் சுவிட்ச். பேட்டரியிலிருந்து தடித்த கேபிள் ஒன்று அதற்கு வருகிறது. சாவியைத் திருப்பினால் சுவிட்ச் 'டிக்' என்று மூடிக்கொண்டு கரண்டை மோட்டாருக்குள் அனுப்ப வேண்டும். கேபிள் வருகிற பக்கம் மீட்டரை வைத்தாள், பன்னிரண்டரை. மோட்டாருக்குப் போகிற பக்கம் வைத்து, "திருப்புங்க" என்றாள். டிக். அங்கேயும் ஏறக்குறைய அதே அளவு. மோட்டாரின் உடம்புக்கும் பேட்டரியின் மைனஸுக்கும் நடுவே வைத்துப் பார்த்தாள். கிட்டத்தட்ட பூஜ்யம். எர்த்திலும் குறை இல்லை.

"கரண்ட் வாசல் வரைக்கும் வந்து நிக்குது தம்பி. மோட்டார்தான் உள்ள வாங்க மாட்டேங்குது."

"அப்படின்னா?"

"கார்பன் தேஞ்சிருக்கும்."

குழந்தைகள் வார்டுத் துணிக்கென்று சலவைக்கூடத்தில் நாலு சின்ன மெஷின்கள் தனியாக நிற்கும். அவற்றின் மோட்டாருக்குள்ளும் கார்பன் துண்டுகள் உண்டு. சுற்றுகிற தாமிரத்தை உரசிக்கொண்டே நின்று அதற்குக் கரண்ட் கொடுப்பது அதுகள் வேலை. உரசி உரசி ஒரு நாள் எட்டாமல் போய்விடும். அப்போது மெஷின் இதே மாதிரிதான் நடிக்கும். ஒரு நேரம் ஓடும், ஒரு நேரம் ஓடாது.

நிச்சயப்படுத்திக்கொள்ள இன்னும் ஒரு வழி இருந்தது. பெல்ட் பக்கம் கை போகாமல் தள்ளி நின்றுகொண்டு, சுத்தியலைத் திருப்பிப் பிடித்து, மரப்பிடியை மோட்டார் மேல் வைத்தாள்.

"இப்ப திருப்பி அப்படியே பிடிங்க."

டிக் என்றது. மரப்பிடியால் மோட்டாரை இரண்டு தட்டு தட்டினாள். மூன்றாவது தட்டில் மோட்டார் திடுக்கென்று சுற்ற, எஞ்சின் பிடித்துக்கொண்டது. மாப்பிள்ளை கையைச் சுட்டுக்கொண்டவர் மாதிரி சாவியை விட்டார். மாடியிலிருந்து, "அண்ணி, ஆயிடுச்சா?" என்று நாத்தனாரின் குரல் வந்தது.

"இன்னும் ஆகல. என்னன்னு மட்டும் தெரிஞ்சுபோச்சு."

எஞ்சினை அணைத்துச் சூடு தணிய விட்டார்கள். முதல் வேலையாக பேட்டரியின் மைனஸ் கேபிளைக் கழற்றி, நுனியில் துணியைச் சுற்றி ஓரமாக ஒதுக்கினாள். புருஷன் நாற்காலி போட்டு உட்கார்ந்து புத்தகத்தை விரித்துக்கொண்டார். பள்ளிக்கூடத்தில் பாடம் ஒப்பிக்கிற மாதிரி ஒவ்வொரு வரியாக நிறுத்தி நிதானமாகப் படித்தார். தடித்த கேபிளின் நட், சின்ன ஒயர், அப்புறம் இரண்டு போல்ட். ஒரு போல்ட் துருப்பிடித்து அடம்பிடித்தது. எண்ணெய் விட்டு, டீ குடித்துவிட்டு வந்து திருகினாள். இளகிக் கொடுத்தது. மோட்டார் கைக்கு வந்தது. பார்க்கத்தான் சின்னது, கனம் ஆளைச் சாய்த்தது.

சாப்பாட்டு மேஜைமேல் பேப்பரை விரித்து வேலை நடந்தது. மூடிக்கும் உடம்புக்கும் குறுக்கே ஆணியால் ஒரு கோடு இழுத்துக்கொண்டாள், திரும்ப மாட்டும்போது மாறிவிடக் கூடாது. பின்மூடியைத் திறந்ததும் கருந்தூள் கொட்டியது. நாலு கார்பனில் இரண்டு சுண்டுவிரல் நகம் அளவுக்குத் தேய்ந்திருந்தன. ஒன்று தூள் அடைத்து, இருந்த இடத்திலேயே சிக்கி நின்றது.

"பாருங்க" என்று மாப்பிள்ளை பக்கம் நகர்த்தினாள்.

லென்ஸ் வெட்டுகிற கண்ணல்லவா? அவர் குனிந்து நெடுநேரம் பார்த்தார். "தாமிரத்தத் தொட அரை மில்லிமீட்டர் பத்தல" என்றார்.

கார்பன் பொருத்திய தட்டோடு புருஷன் உதிரிப் பாகக் கடைக்குப் போனார். ஒரு மணி நேரம் கழித்து, வெற்றிக் களிப்போடு திரும்பி வந்தார். தட்டு தனியாக வராது, மோட்டாராகத்தான் வாங்க வேண்டும் என்று கடைக்காரர் ஒரே பிடிவாதமாகச் சொன்னாராம். இவர் கேட்டலாக்கைக் கொடுங்கள் என்று வாங்கி, அங்கேயே நின்று அட்டவணையைத் தேடி, எண்ணைக் கண்டுபிடித்து நீட்டியிருக்கிறார். அப்புறம் பார்த்தால் அவர் கடை அலமாரியிலேயே அது இருந்திருக்கிறது.

"அவரு கடைல இருக்கறது அவருக்கே தெரியல" என்று மூன்று தடவை சொன்னார்.

அதற்குள் அண்ணி கறுத்துப்போன தாமிரத்தை நைஸான உப்புத்தாள் கொண்டு பளபளவென்று தேய்த்து, நடுவே இருந்த சந்துகளில் சேர்ந்த தூளையும் சுரண்டி எடுத்திருந்தாள். இனிமேல்தான் சோதனை. நாலு கார்பனையும் ஸ்பிரிங் உள்ளே தள்ளிக்கொண்டே இருக்கும். நாலையும் ஒரே நேரத்தில் விலக்கிப் பிடித்தால்தான் தட்டு தாமிரத்தின்மேல் இறங்கும். இரண்டு கைக்கு நாலு கார்பன் அடங்குமா? ஒன்றைப் பிடித்தால் இன்னொன்று துள்ளிக் குதித்தது. அந்தத் தாமிர உருளையின் பருமனில் ஏதாவது வேண்டும். யோசித்துவிட்டு மாடியைப் பார்த்துக் குரல் கொடுத்தாள்.

"உன் சென்ட் பாட்டில் மூடியெல்லாம் எடுத்துட்டு வா."

"எதுக்கு அண்ணி?"

"கொண்டாயேன், சொல்றேன்."

நாத்தனார் ஏழு மூடிகளோடு வந்தாள். நாலாவது மூடி அளவெடுத்தது மாதிரி பொருந்தியது. மூடியைச் சுற்றிக் கார்பன்களை நிறுத்தி, தட்டைத் தாமிரத்தின்மேல் வைத்து அழுத்தினாள். மூடி பின்பக்கமாக வெளியே நழுவ, நாலு கார்பனும் தாமிரத்தில் போய் உட்கார்ந்தன. நாத்தனார் மூடியை மோந்து பார்த்தாள். "கிரீஸ் வாடை போகுமா?" என்றாள். போகாது என்று சொன்ன மாப்பிள்ளை அவளிடம் முறைப்பு ஒன்றைப் பரிசாகப் பெற்றார்.

மாலை நாலு மணிக்கு மோட்டார் காரில் ஏறியது. புருஷன் வரிவரியாகப் படித்துக்கொண்டே வந்தார். கேபிள் நட்டை இறுக்கும்போது ஸ்பேனர் வழுக்கி அவள் விரல் முட்டியைப் பதம் பார்த்தது. "கொஞ்சம் நிறுத்துங்க" என்றாள் பல்லைக் கடித்துக்கொண்டு. அவர் நிறுத்தினார். கடைசியாக மைனஸ் கேபிளையும் மாட்டியாயிற்று. மாப்பிள்ளை தன் இடத்தில் உட்கார்ந்து சாவியைத் திருப்பினார்.

ஒன்றுமே இல்லை. டிக் சத்தம்கூட இல்லை.

அவள் பானெட்டுக்குள் குனிந்தாள். முன்னே டிக் இருந்தது, இப்போது அதுவும் இல்லை. அப்படியென்றால் கோளாறு மோட்டாரில் இல்லை, சாவியின் சேதியே சுவிட்சுக்குப் போகவில்லை. டார்ச்சை அடித்துப் பார்த்தாள். அந்தச் சேதியைக் கொண்டுபோகிற சின்ன ஒயர் தேமே என்று தொங்கிக்கொண்டிருந்தது.

"அந்த வரிதான் அடுத்து படிக்க இருந்தேன்" என்றார் புருஷன். "நீதான் நிறுத்தச் சொன்ன."

"தப்பு என்மேலதான்" என்று சிரித்துக்கொண்டே ஒயரைச் செருகினாள். "திருப்புங்க தம்பி."

தொட்டதும் பிடித்துக்கொண்டது. அணைத்துவிட்டு மறுபடி திருப்பச் சொன்னாள். பத்துத் தடவை திருப்பினார்கள், பத்துத் தடவையும் பிடித்தது.

மாப்பிள்ளை இறங்கி வந்து பானெட்டைச் சாத்தினார். அப்புறம் தணிந்த குரலில் சொன்னார். "பேட்டரின்னு நான் அவசரப்பட்டுச் சொல்லிட்டேன் அக்கா."

பதினாறு வருஷத்தில் அந்த வீட்டில் யாரும் கேட்டிராத பேச்சு அது. நாத்தனார் மாடிப்படியில் அப்படியே நின்றுவிட்டாள்.

"பழைய பேட்டரிக்கும் வயசாயிடுச்சு தம்பி, எப்படியும் மாத்த வேண்டியதுதான்" என்றாள் அண்ணி. "எனக்கும் அன்னைக்கே சந்தேகம் இருந்துச்சு. வாயத் திறந்து சொல்லியிருக்கணும். இனிமே சொல்லிடறேன்."

"சொல்லுங்க" என்றார் அவர். சொன்ன விதத்தில் வருத்தம் இல்லை.

திங்கட்கிழமை விடியுமுன் கார் கிளம்பியது. இஸ்திரி அக்கா ஏறி உட்கார்ந்ததும் கண்ணை மூடிக்கொண்டாள். பாலத்தருகே அக்கா தங்கை இருவரும் ஏறினார்கள். எதற்கோ நேற்றிரவு போட்ட சண்டையைப் பாதியிலிருந்து தொடர்ந்தார்கள். யார் பக்கம் நியாயம் என்று கேட்டுக்கொண்டே போனதில், சிக்னலில் அண்ணி கிளட்சைச் சட்டென்று விட்டுவிட்டாள். எஞ்சின் நின்றுபோனது. பின்னால் ஒரு லாரி ஹாரன் அடித்தது. சண்டை நின்றது. இஸ்திரி அக்கா கண்ணைத் திறந்தாள்.

அண்ணி சாவியைத் திருப்பினாள். கார் கிளம்பியது.

"ம், அப்புறம் நீ என்ன சொன்ன?" என்றாள் பின்சீட்டைப் பார்த்து.