அரை முகத்தோடு மாப்பிள்ளை, முந்த ஒன்பது ரன்

என் எழுத்து கோணல்மாணலாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். சவரக்கத்தி பிடித்த கை. பேனா பிடிக்கத் தொடங்கி ஆறு மாதம்தான். இந்தத் தாளைப் படம் எடுத்துப் போடுவது என் மருமகள்.

சோப்பு நுரை காயும்போது ஒரு வாசனை வரும்... அது வந்தாலே எனக்கு அந்த ரஞ்சி ஆட்டம்தான் ஞாபகம்.

அப்போது திருவண்ணாமலை தேரடிப் பக்கம் என் சலூன். நாற்காலியில் கீழ்பென்னாத்தூர் மாப்பிள்ளை. பத்தரைக்கு முகூர்த்தம், மண்டபம் நாலு கடை தள்ளி. ரேடியோவில் நம் தமிழ்நாடு அணி. இரண்டு நாளை மழை தின்றுவிட்டது, அன்று கடைசி நாள். ஆட்டம் டிராதான், ஆனால் முதல் இன்னிங்ஸில் முந்தினால்தான் அடுத்த சுற்று. முந்த ஒன்பது ரன். கையில் ஒரே விக்கெட்.

வலது கன்னம் முடித்து இடது கன்னத்தில் கத்தியை வைத்தேன். ஃபோர் போனது.

"அண்ணா, கைய எடுக்காதீங்க. அப்டியே இருங்க" என்றார் மாப்பிள்ளை.

கிரிக்கெட் கேட்பவர்களுக்குத் தெரியும். ரன் வரும்போது இருந்த நிலையை மாற்றினால் விக்கெட் போய்விடும். பெஞ்சில் இருந்த இரண்டு பேரும் சிலையானார்கள். ஒருவர் கையில் டீ கிளாஸ், வாய்க்குப் பாதி வழியில்...

அடுத்த ஓவரில் ரன் இல்லை. அதற்கடுத்ததிலும் இல்லை. மணி பத்தைத் தாண்டியது. நுரை காய்ந்து கன்னத்தில் ஒட்டியது. என் தோள் கடுத்தது.

மாப்பிள்ளையின் தாய்மாமன் வாசலில் வந்து நின்றார். "ஐயர் கூப்ட்டுனே இருக்காரு. நீ இன்னாடா, அரை மொகத்தோட உக்காந்துனு இருக்க?"

"மாமா, இன்னும் அஞ்சு ரன்னு."

"பொண்ணு வூட்டுக்காரங்க எழுந்து போயிடுவாங்கடா."

"போனா கூட்டினு வந்துடலாம். விக்கெட் போனா வருமா?"

அடிக்கிற கோபத்தில் மாமன் உள்ளே ஒரு கால் வைத்தார். இரண்டு ரன்.

"அப்டியே நில்லுங்க பெரியவரே" என்றது பெஞ்சு.

படியில் ஒரு கால், உள்ளே ஒரு கால்... நின்றுவிட்டார். மண்டபத்தில் மேளம் தொடங்கியது. யாரும் திரும்பவில்லை.

பந்து மட்டையின் ஓரத்தில் பட்டது என்றது ரேடியோ. எனக்கு மூச்சு நின்றது. ஸ்லிப்பில் நின்றவன் பாய்ந்தான்... கைக்கு எட்டவில்லை. ஃபோர்.

முதலில் குதித்தவர் மாமன்தான். "சீக்கிரம் வழிச்சு வுடுப்பா."

இரண்டு நிமிடத்தில் முடித்தேன். தாலி கட்டும் போட்டோவில் மாப்பிள்ளையின் தாடையில் துளிப் பஞ்சு ஒட்டியிருக்கும். அது நான் செய்த கீறல்.

இப்போது போனில் பந்துக்குப் பந்து ஸ்கோர் வருகிறதாம். எனக்கு வேண்டாம். வேங்கிக்கால் முதியோர் வகுப்பில் எழுத்துக் கற்றேன். காலையில் பேப்பரில் விரல் வைத்து ஒவ்வொரு பெயராக நானே படிக்கிறேன். சேர்ந்து மூச்சைப் பிடிக்கத்தான் ஆளில்லை. நேற்றே முடிந்துபோன ஆட்டம்... இருந்தாலும் கடைசி வரி வரும்வரை காலை அசைப்பதில்லை.

அடுத்த வாரம் காலிறுதி. முடிவைப் படித்ததும் எழுதுகிறேன். அதுவரை நீங்களும் இருந்த இடத்திலேயே இருங்கள்.