மக்கு துரையும் குடைச் சின்னமும்

பிரெஞ்சுக்காரர்கள் கொடியை இறக்கிச் சுருட்டிக்கொண்டு போன பிறகு எங்கள் திருமலைராயன்பட்டினத்துக்கு வந்த முதல் தேர்தலில் என் மாமா நின்றார். உம்மாவுடன் பிறந்த ஒரே தம்பி அவர். ஊரில் அவரை நிற்கச் சொன்னவர்கள் யாருமில்லை. ஸ்காட்லாந்திலிருந்த ஒரு பெரியவரைப் பார்த்துத்தான் அவருக்கு அந்த ஆசை வந்தது. அந்தப் பெரியவருக்கு இந்தச் சங்கதி கடைசிவரை தெரியாது.

மாமா கல்யாணமான கையோடு கப்பல் வேலைக்குப் போனவர். நடுவில் இரண்டாவது உலகச் சண்டை வந்தது. கிளாஸ்கோ என்ற பட்டணத்தில் கப்பல் நின்றுவிட்டது. அங்கேயே ஒரு வீட்டில் அறை எடுத்துக்கொண்டு, கப்பல் பட்டறையில் இரும்படித்துக் காலம் தள்ளியிருக்கிறார். சண்டை ஓய்ந்த பிறகுதான் ஊர் திரும்பினார். கூடவே ஒரு கம்பளிக் கோட்டும், கோப்பையில் பாலை முதலில் ஊற்றிவிட்டு அப்புறம் டீயை ஊற்றும் பழக்கமும், மக்கும் வந்து சேர்ந்தார்கள்.

மக் என்பது அந்தப் பட்டணத்துக்காரர்கள் தங்கள் பாராளுமன்ற உறுப்பினரைச் செல்லமாகக் கூப்பிட்ட பெயர். எங்கள் ஊர் வாயில் அது மக்கு ஆயிற்று. மரியாதை குறையக்கூடாது என்று ஒரு துரையைச் சேர்த்து மக்கு துரை ஆக்கினார்கள். எதிர்த்து நின்ற அரிசி மண்டிக்காரரின் ஆட்கள் சும்மா இருப்பார்களா? 'மக்குக்குச் சீடன், ஊருக்குக் கேடன்' என்று சுவரெல்லாம் கரியால் எழுதிவைத்தார்கள். மாமா கோபப்படவில்லை. அந்த நாட்டில் பாதிப் பேர் பெயரிலேயே மக்குதான் என்று மேடையேறி நிதானமாக விளக்கினார். அது அவருக்கு உதவவில்லை.

அப்படியானால் மக்கு துரை இங்கிலீஷ்காரரா என்று ஒருவர் கேட்டார். இல்லவே இல்லை, ஸ்காட்லாந்துக்காரர் என்றார் மாமா. என்ன வித்தியாசம் என்று கேட்டதற்கு, "நமக்கும் நாகப்பட்டினத்தானுக்கும் உள்ள வித்தியாசம்" என்றார். கூட்டம் முழுவதற்கும் உடனே விளங்கிவிட்டது.

மக்கு துரை ஓட்டுக் கேட்ட விதத்திலேயே தானும் கேட்பது என்று மாமா முடிவு செய்திருந்தார். அந்த ஊரில் வேட்பாளர் வீடு வீடாகப் போய்க் கதவைத் தட்டிக் கைகுலுக்குவாராம். எங்கள் தெருவில் மதியவேளையில் கதவைத் தட்டினால் உள்ளே பெண்கள்தான் இருப்பார்கள். "ஆம்பளைங்க யாரும் இல்லீங்க" என்று திரைக்குப் பின்னாலிருந்து குரல் வரும். மாமா முகத்தை மரியாதையாக வேறு பக்கம் திருப்பிக்கொண்டு, திரை இடுக்கு வழியே கையை மட்டும் நீட்டுவார். முதல் வீட்டில் அந்தக் கையில் ஒரு பிடி அரிசியைப் போட்டார்கள். இரண்டாவது வீட்டில், "மாப் பண்ணுங்க, இன்னிக்கு வெள்ளிக்கிழமை இல்ல" என்று சொல்லி அனுப்பினார்கள். அத்தோடு கைகுலுக்கலை விட்டுவிட்டார்.

மண்டிக்காரர் எதுவும் பேசவில்லை. குதிரை வண்டியில் மெல்லப் போய், எதிரே வருகிறவர்களுக்கெல்லாம் சலாம் சொன்னார். அவ்வளவுதான் அவருடைய பிரசாரம்.

ஆனால் சாயங்காலக் கூட்டங்களில் மாமாவை யாரும் மிஞ்ச முடியாது. கடைத்தெரு முனையில், சோப்புக் கட்டிகள் வந்த ஒரு சவுக்காரப் பெட்டியைக் கவிழ்த்துப்போட்டு அதன்மேல் ஏறி நிற்பார். மக்கு துரையும் சவுக்காரப் பெட்டிமேல்தான் நிற்பாராம். சாக்கடையைப் பற்றியும் தெருவிளக்கைப் பற்றியும் பேசத் தொடங்குகிறவர், நாலு வாக்கியம் தாண்டுவதற்குள் ஸ்காட்லாந்துக்குப் போய்விடுவார். ஜனமும் அதற்குத்தான் காத்திருந்தது.

மக்கு துரை நிலக்கரிச் சுரங்கத்துக்காரரின் மகன். ஒரே அறை வீட்டில் பிறந்து, மீசை முளைக்குமுன்பே சுரங்கத்துக்குள் இறங்கியவர். பாறை விழுந்து இடதுகையில் இரண்டு விரல் போயிற்று. படுத்துக்கிடந்த நாட்களில் தானாகவே எழுத்துக்கூட்டிப் படிக்கக் கற்றுக்கொண்டார். முதல் உலகச் சண்டையில் ஆள் சேர்க்க வந்தபோது, கூலிக்காரனைக் கூலிக்காரன் சுடமாட்டான் என்று பேசி ஜெயிலுக்குப் போனார். சாராயத்தைத் தொடமாட்டார். அந்த ஊரில் அதைச் சொல்லி ஓட்டுக் கேட்பது, எங்கள் ஊரில் மீனைத் தின்னாதே என்று சொல்லி ஓட்டுக் கேட்பதற்குச் சமம். அதனால் நின்ற தேர்தலிலெல்லாம் தோற்றார். ஒருவழியாக ஜெயித்து லண்டனுக்குப் போனால், அவர் பேசிய இங்கிலீஷ் அங்கிருந்த இங்கிலீஷ்காரர்களுக்கே புரியவில்லை. அடுத்த தேர்தலில் மறுபடி தோற்றார்.

ஊர் அவரைத் தத்தெடுத்துக்கொண்டது. மீன் விற்கும் அம்மாள் எங்கள் வாசலில் கூடையை இறக்கியதும் வஞ்சிரத்தின் விலையைச் சொல்லமாட்டாள். மக்கு துரையை ஜெயிலிலிருந்து விட்டார்களா என்றுதான் முதலில் கேட்பாள்.

பெண்கள் கடைத்தெருக் கூட்டத்துக்குப் போகும் வழக்கமில்லை. எனக்கு எட்டு வயது என்பதால் நான் எங்கும் போகலாம். கூட்டம் முடிந்ததும் மாமி வீட்டுக்கு ஓடி, கேட்டதையெல்லாம் ஒன்று விடாமல் ஒப்பிப்பது என் வேலை. மாமி அடுப்படியில் பிரசாரக்காரர்களுக்கு அரிசிமாவில் இறால் வைத்து வாடா சுட்டுக்கொண்டே கேட்பாள். சுரங்கமும் ஜெயிலும் வரும்போது எண்ணெய்ச் சட்டியைப் பார்த்துக்கொண்டிருப்பாள். மாமா தங்கியிருந்த வீட்டுக்கு மக்கு துரை ஓட்டுக் கேட்டு வந்த கட்டம் வந்ததும் கரண்டி நின்றது.

"கதவ யாரு தொறந்தா?"

எனக்குத் தெரியவில்லை. கேட்டு வரச் சொன்னாள். மாமாவிடம் ஓடினேன். வீட்டுக்காரம்மாதான் திறந்தார்கள் என்றார் மாமா. வயதானவர்களா என்று கேட்டுவரச் சொன்னாள் மாமி. மறுபடி ஓடினேன். தன் கதையில் வீட்டாருக்கு இவ்வளவு அக்கறை இருப்பது மாமாவுக்குப் பெருமையாக இருந்தது. அன்றைய கூட்டம் நன்றாக வேறு நடந்திருந்தது. அதனால் தாராளமாகவே சொன்னார்.

"வயசானவங்க இல்லம்மா. புருஷன் கடல்ல மூழ்கிப் போயிட்டான். செம்பட்ட முடி. மக்கு துரையவே வாக்குவாதத்துல மடக்குவா. அவர உக்கார வச்சு டீ ஊத்திக் குடுத்துக்கிட்டே சண்ட போடுவா, பாத்துக்க."

அதை அப்படியே கொண்டுபோய்ச் சேர்த்தேன். மாமி கைகளைத் துடைத்துக்கொண்டு என்னைப் பக்கத்தில் உட்காரவைத்தாள்.

"மடக்குவாங்கன்னு சொன்னாரா, மடக்குவான்னு சொன்னாரா?"

"மடக்குவான்னுதான் சொன்னாங்க."

"நல்லா ஞாபகமிருக்கா?"

இருந்தது. என் ஞாபகசக்தியை மெச்சி அன்று எனக்கு இரண்டு வாடா அதிகமாகக் கிடைத்தது. அதன் பிறகு நான் இன்னும் கவனமாகக் கேட்டேன். ஒரு சொல்லைக்கூடச் சிந்தாமல் கொண்டுவந்தேன்.

தேர்தலுக்கு முந்தின சாயங்காலம் கடைசிக் கூட்டம். மக்கு துரை இந்தத் தடவையாவது ஜெயிப்பாரா என்று அறிந்துகொள்ள, மண்டிக்காரரின் ஆட்களே வந்து பின்னால் நின்றார்கள். மாமாவின் சின்னம் குடை. அந்தக் குடையை விரித்துப் பிடித்துக்கொண்டு பெட்டிமேல் ஏறினார். சண்டை முடிந்த கையோடு அங்கே தேர்தல் வந்ததையும், கொட்டுகிற மழையில் ஜனங்கள் வரிசையாக நின்றதையும் சொன்னார். சொல்லச் சொல்ல அவர் குரலே மாறிவிட்டது.

"அப்படி ஒரு மழை. வீட்டுல இருந்தது ஒரு குடை. ஓட்டுப் போட அவ போவணும். நாங்க ரெண்டு பேரும் அந்த ஒரே குடையிலதான் போனோம். மக்கு துரை ஜெயிச்சாரு!"

கூட்டம் கைதட்டிய சத்தத்தில் கடைத்தெருக் காக்கைகள் எல்லாம் எழும்பிப் பறந்தன. ஓடிவந்து மாமியிடம் மூச்சிரைக்கச் சொன்னேன். "ஒரே குடையிலயா?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன். சட்டியை அடுப்பிலிருந்து இறக்கிவைத்தாள். மக்கு துரை ஜெயித்ததுகூட அவள் காதில் விழுந்ததாகத் தெரியவில்லை.

வேட்பாளர் ஆளுக்கொரு பெட்டி வைத்து, மேலே சின்னத்தை ஒட்டியிருப்பார்கள் என்பதை மறுநாள் காலையில் நான்தான் மாமிக்கு விளக்கினேன். குடைப் பெட்டியைப் பற்றி அவள் ஒன்றும் கேட்கவில்லை. மண்டிக்காரருக்கு என்ன படம் என்றாள். தராசு என்றேன். தவறிப்போய் அதில் போட்டுவிடக்கூடாது என்று எவ்வளவு எச்சரிக்கையாக இருக்கிறாள் என நினைத்துக்கொண்டேன். எங்கள் தெருப் பெண்கள் கூண்டு வண்டியில் நெருக்கியடித்துக்கொண்டு போனார்கள். நான் வண்டிக்காரருக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். உள்ளே மாமி தாழ்ந்த குரலில் எதையோ சொல்லிக்கொண்டே வந்தாள். எல்லோரும் உச்சுக்கொட்டினார்கள். சாவடி வந்து சேருமுன்பு ஒருத்தி, "அப்புடியா சங்கதி" என்றாள்.

மாமா மோசமாகத் தோற்றார். ஆண்கள் சாவடியில் சமாளித்துவிட்டாராம். பெண்கள் சாவடியில்தான் குடை கவிழ்ந்துவிட்டது. எங்கள் தெருப் பெண்களுக்குச் சின்னம் தெரியவில்லை என்று வாப்பா குறைப்பட்டுக்கொண்டார். தெரியாமலில்லை, நானே மாமிக்குச் சொல்லிக்கொடுத்தேன் என்று சாட்சி சொன்னேன்.

முடிவு தெரிந்த அன்று மாமி நெய்ச்சோறு ஆக்கியிருந்தாள். தோற்ற வீட்டில் விருந்து எதற்கு என்று உம்மா கேட்டாள். மாமா தட்டின் முன்னால் உட்கார்ந்து, மக்கு துரைகூட முதலில் தோற்றவர்தான், அடுத்த தடவை பார்த்துக்கொள்ளலாம் என்றார்.

"நில்லுங்க, யாரு வேணாமுன்னா," என்றாள் மாமி, சோற்றைப் பரிமாறிக்கொண்டே. "கதைய மட்டும் மொதல்ல வீட்டுல சொல்லிட்டு, அப்பறமா பொட்டி மேல ஏறுங்க."

மாமா பிசைந்த சோற்றைத் தட்டிலேயே வைத்தார். மாமியைப் பார்த்தார். பிறகு நெடுநேரம் என்னைப் பார்த்தார். என்னை அப்படி அவர் அதற்கு முன்பு பார்த்ததில்லை.

அதற்கப்புறம் அந்த வீட்டில் மக்கு துரையின் பேச்சே எழவில்லை. ஜெயித்த பிறகு மந்திரியானாரா, சுரங்கத்துக்காரர்களுக்கு ஏதாவது செய்தாரா, லண்டனில் அவர் பேச்சு யாருக்காவது புரியத் தொடங்கியதா என்று நச்சரித்தேன். மாமா கோட்டை எடுத்து மாட்டிக்கொண்டு கடைக்குக் கிளம்பிவிடுவார். மாமி பல நாள் அவரோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. தோல்வியை அவளால் தாங்கிக்கொள்ள முடியவில்லை என்று எனக்குத் தோன்றியது. பாவமாக இருந்தது. ஒருநாள் மத்தியானம் அவள் தனியாகப் படுத்திருந்தபோது பக்கத்தில் போய் ஒட்டிக்கொண்டு, அவளைத் தேற்றுவதற்காக, அவளுக்கு மிகவும் பிடித்த அந்தச் செம்பட்டை முடிக்காரியின் கதையை முதலிலிருந்து சொல்லத் தொடங்கினேன்.