கடனைத் திருப்பித் தராத அரசனாக நான் நடிச்ச வகுப்பு

1. அடுத்த அறைச் சத்தம்

மெல்பேணிலை இருபத்தாறு வருசம் சரித்திரம் படிப்பிச்சுப்போட்டு ஓய்வெடுத்தவன் நான். புதிசா படிப்பிக்க வாற பிள்ளையளுக்கு என்ரை வெட்கக்கேடு ஒண்டைச் சொல்லப்போறன். பெருமையான கதையளைச் சொல்ல வேறை ஆக்கள் இருக்கினம்.

ஸ்பிரிங்வேலுக்குப் பக்கத்திலை பள்ளிக்கூடம். எட்டாம் வகுப்பு மத்தியகால ஐரோப்பா எண்டால் அது என்ரை பாடம். போர், வரி, வணிகர், வங்கி எல்லாத்துக்கும் நான் எழுதின நோட்ஸ்தான் எல்லா வகுப்பிலையும் ஓடும். நான் ஓய்வெடுக்கிறதுக்கு முந்தின வருசம் மீனா வந்தா. கோயம்புத்தூர்க்காரி. அங்கை வங்கியிலை கடன் பிரிவிலை இருந்துபோட்டு, இஞ்சை வந்து ஆசிரியப் படிப்புப் படிச்சவ. ஒரு வருசக் கொன்ராக்ட்.

அவ என்ரை நோட்ஸைத் தொட்டும் பாக்கேல்லை. பிள்ளையளை இத்தாலியின்ரை புளோரன்ஸ் நகரிலை வங்கி நடத்துற நாலு வணிகக் குடும்பமாப் பிரிச்சா. இங்கிலாந்து அரசன் பிரான்சோடை சண்டைக்குப் போறான், காசு கேக்கிறான், ஈடா கம்பளியைக் கப்பலிலை ஏத்தி விக்கிற உரிமை தருவான். குடுக்கிறதோ, விடுறதோ? நான் இஞ்சாலை "வாசிச்சு எழுதுங்கோ" எண்டு நிக்க, சுவருக்கு அங்காலை நாலு குடும்பமும் கம்பளிக்கு அடிபடும். என்ரை பிள்ளையள் பேனையை வைச்சுப்போட்டுக் கேட்டுக்கொண்டு இருப்பினம். ஒருத்தன் கேட்டான், "சேர், நாங்கள் எப்ப வங்கி ஆகிறது?" எனக்கு வயிறு பத்தி எரிஞ்சது.

2. படிவம்

கொன்ராக்ட் ஆக்களின்ரை வகுப்பை மூத்த ஆசிரியர் ஒருத்தர் இருந்து பாத்து, ஒன்லைன் படிவம் நிரப்பி அதிபருக்கு அனுப்பவேணும். அதைப் பாத்துத்தான் நிரந்தர வேலை. மீனாவுக்கு என்னைப் போட்டவ அதிபர் அம்மா.

மீனா ஸ்டாஃப் ரூமுக்கு வந்தா. "சார், நீங்க பாக்க வர்ற அன்னைக்கு அரசனாவும் நடிக்கிறீங்களா? கடன் கெடு முடியுற கிளாஸ் அது. பசங்க காசைத் திருப்பிக் கேட்டா என்ன பதில் சொல்றதுன்னு உங்க இஷ்டம்."

"ஓம், வாறன்" எண்டு சிரிச்சன். விளையாட்டை எப்பிடிக் குழப்பலாம் எண்டு அப்பவே யோசிக்கத் தொடங்கிவிட்டன்.

வகுப்பு அஞ்சாம் பீரியட். நான் மத்தியானம் சாப்பிட்டுக்கொண்டே படிவத்தை நிரப்பினன். 'ஒழுங்கு இல்லை. சத்தம் கூட. பாடம் குறைவு, விளையாட்டுக் கூட.' வகுப்புக்குள்ளை கால் வைக்க முதலே அனுப்பியும் விட்டன். இதைவிடக் கேவலம் என்ன இருக்கு?

3. அரசன்

நாலு குடும்பமும் கடன் பத்திரத்தோடை வரிசையா வந்து நிண்டுது. நான் கதிரையிலை சாய்ஞ்சு இருந்து சொன்னன். "ஒரு சதமும் தரமாட்டன். எல்லாம் போரிலை முடிஞ்சுது. நான் அரசன். ஆர் என்னைக் கேக்கிறது?"

சொல்லிப்போட்டு மீனாவின்ரை முகத்தைப் பாத்தன். அது கறுக்கவேணும் எண்டு எனக்கு ஆசை. அவ பிள்ளையளின்ரை பக்கம் திரும்பினா.

எல்லாரையும்விடக் கூடக் கடன் குடுத்த குடும்பத்துக்குத் தலைவி லின் எண்ட பிள்ளை. அவள் மீனாவிட்டைச் சொன்னாள். "அரசன் போன கெடுவுக்கும் தரேல்லை. தெரிஞ்சுகொண்டே திரும்பவும் குடுத்தனாங்கள்."

"ஏன் குடுத்தீங்க?" மீனா கேட்டா.

"நாங்கள் விட்டால் மற்றக் குடும்பம் குடுத்துக் கம்பளியை எடுத்திடும், மிஸ். அவைக்குக் கிடைக்கிறதைப் பாத்துக்கொண்டு இருக்க ஏலாமல் போச்சு."

நான் கதிரையிலை நெளிஞ்சன். மீனா பிள்ளையளுக்குச் சொன்னா, "நிஜத்திலயும் அரசன் ஒழுங்கா திருப்பிக் குடுக்கல. புளோரன்ஸ்ல பெரிய பெரிய கம்பெனிங்க அதுல அடிவாங்கி விழுந்துச்சு." மணி அடிச்சும் ஒருத்தரும் எழும்பேல்லை. அந்த வணிகர் ஏன் குடுத்தவை எண்ட கேள்வியை நான் இருபத்தாறு வருசத்திலை ஒரு வகுப்பிலையும் கேட்டதில்லை.

4. ரெண்டாவது படிவம்

நேரை அதிபரிட்டைப் போனன். "அந்தப் படிவத்தை எடுத்துவிடுங்கோ. வகுப்பைப் பாக்க முதல் எழுதினது."

"ஏன் அப்பிடிச் செய்தீங்கள்?"

"பொறாமை" எண்டன். அவ வேறை எழுதித் தரச்சொன்னா. எழுதினன். மீனாவுக்கு வேலை நிரந்தரமாச்சு.

வருசக் கடைசியிலை மீனா சொன்னா, "சார், அந்தப் படிவத்துல ஒரு காப்பி எங்களுக்கும் தானா வந்துரும். உங்க மொத படிவத்தை நான் லஞ்ச்லயே படிச்சுட்டேன்."

நான் கேட்டன். "பிறகேன் என்னை அரசனா விட்டனீர்?"

"நீங்க தரமாட்டேன்னுதான் சொல்வீங்கன்னு அதைப் படிச்சதுமே தெரிஞ்சுபோச்சு சார். என் பாடத்துக்கு அந்தப் பதில்தான் வேண்டியிருந்துச்சு."

புதிசா படிப்பிக்க வாற பிள்ளையள், பாக்காத வகுப்பைப் பற்றி ஒரு வரியும் எழுதாதேங்கோ. பொறாமை விட்டுதோ எண்டு கேட்டால், இல்லை. அந்தப் பாடத்தை நான் யோசிச்சிருக்கவேணும் எண்டு இண்டைக்கும் மனசு கிடந்து அடிக்குது.